அந்த ஊமைப்படத்த எங்களுக்கும் திறந்து விடுங்க

பிலிம் காப்பக நிர்வாகத்துல இருக்கிற எல்லாருக்கும் வணக்கம்.

பிரிட்டன்ல 1907ல ஊரையே புடிச்சு ஆட்டுன லிமரிக், அதாவது அஞ்சு வரி வேடிக்கைப் பாட்டுப் போட்டிய கிண்டல் பண்ற அந்த சின்ன ஊமைக் காமெடி உங்ககிட்ட பத்திரமா இருக்கு, ஸ்கேன் பண்ணி நெட்லயும் போட்டுட்டீங்க, ஆனா இங்க பிளே அழுத்துனா உங்க நாட்டுல பாக்க முடியாதுன்னு கறுப்புக் கட்டம் தான் வருது. மூணு மெயில் போட்டுட்டேன், தானா வர்ற பதில் தவிர ஒண்ணும் இல்ல.

எங்க மொட்டமாடில மாசம் ஒருநாள் வேட்டிய ஸ்க்ரீனா கட்டி தெருப் பசங்களுக்கு ஊமைப்படம் போடுவோம். போன சனிக்கிழமை இந்தப் படத்துக்காக அரை மணி நேரம் கத சொன்னேன். அஞ்சு வரி பாட்டுல நாலு வரிய பத்திரிகைல போட்டுடுவாங்க, கடைசி வரிய நாம எழுதி 6 பென்ஸ் போஸ்டல் ஆர்டரோட அனுப்பணும், ஒரு சிகரெட் கம்பெனி ஆயுசு முழுக்க வாரம் 3 பவுண்டு பரிசுன்னு அறிவிச்சுச்சு, மத்தவங்களுக்கு அந்தக் கடைசி வரிய எழுதிக் குடுத்தே காசு பாத்தவங்க இருந்தாங்க, வழக்கமா ஆறு மாசத்துல 7, 8 லட்சம் போற அந்த 6 பென்ஸ் ஆர்டர் 1907 ஜூலைலேர்ந்து டிசம்பருக்குள்ள 1 கோடியே 14 லட்சம் வித்துச்சுன்னு பார்லிமெண்ட்லயே கணக்கு சொன்னாங்க. எட்டாவது படிக்கிற பொண்ணு ஒண்ணு, நம்ம புலவருங்களுக்கு ஈற்றடிய குடுத்துட்டு மேல பாட சொல்வாங்களே, அங்க ஈற்றடியத்தான் கேட்டாங்களான்னு டக்குனு புடிச்சிட்டா. எல்லாரும் துண்டுச்சீட்டுல ஆளுக்கொரு கடைசி வரி எழுதி வச்சிட்டு உக்காந்தாங்க. அப்புறம் வந்துச்சு உங்க கறுப்புக் கட்டம். நம்ம நாட்டுக்கு மட்டும் ஏன் மாமா காட்ட மாட்டாங்கன்னு அதே பொண்ணு கேட்டா, நான் என்ன சொல்லட்டும்?

நடராஜ முதலியார் எடுத்த கீசக வதம் தமிழ்நாட்டோட முதல் ஊமைப்படம், இன்னைக்கு அதோட பிரதி எங்கயும் இல்ல. அதனால ஒரு பழைய பிலிம காப்பாத்துறது எவ்வளவு பெரிய வேலைன்னு எங்களுக்குத் தெரியும், உங்கள கையெடுத்துக் கும்புடுறோம். அழிஞ்சு போன படம்னா மனச தேத்திக்கலாங்க. நல்லா இருக்கிற படத்த, நூறு வருஷம் தாண்டுன படத்த, நாட்டப் பாத்து மறைக்கிறத எப்படி ஏத்துக்க முடியும்? தயவு செஞ்சு திறந்து விடுங்க.

உரிமைல ஏதாச்சும் சிக்கல்னா அத ஒரு வரில எழுதுங்க. கட்டணம்னா சொல்லுங்க, தெருவுல வசூல் பண்ணி கட்டிடுறோம். அந்த ஒரு படத்த மட்டுமாவது திறந்து விடுங்கன்னு பணிவா கேட்டுக்கிறேன். பசங்க எழுதுன சீட்டெல்லாம் டப்பால போட்டு வச்சிருக்கேன், அடுத்த மாசமும் அதே மாடில தான் உக்காருவோம்.