முப்பதாண்டு வில்லங்கம் கேட்கிறீர்கள், முப்பதாண்டுக் கணக்கைத் தாருங்கள்

சேலம் மாவட்டத்தில் வீட்டுக்கடன் வழங்கும் வங்கிக் கிளைகளின் மேலாளர்களுக்கு,

வணக்கம்.

செவ்வாய்பேட்டை லீ பஜாரில் ஒரு மளிகை மண்டியில் இருபத்திரண்டு ஆண்டுகளாகக் கணக்கு எழுதி வருபவன் நான். உங்களில் ஒருவருடைய கிளையில் 2021-ஆம் ஆண்டு முதல் வீட்டுக்கடன் கட்டி வருகிறேன். எந்த வங்கி, எந்தக் கிளை என்பதை இங்கே எழுதப்போவதில்லை. எனக்கு நேர்ந்தது ஒரு கிளையோடு நிற்கும் விஷயமில்லை என்பதைக் கடந்த வாரம் வேறொரு வங்கியில் உட்கார்ந்து கண்ணாரக் கண்ட பிறகே இந்த மடலை எழுதத் துணிந்தேன்.

என் அக்கா மகன் கன்னங்குறிச்சியில் ஒரு சிறிய வீட்டை விலை பேசி முடித்து, அதற்காக 30 லட்சம் ரூபாய் கடன் கேட்டிருந்தான். கையெழுத்துப் போடும் நாளில் வீட்டுப் பெரியவர் என்ற முறையில் என்னையும் உடன் அழைத்துப் போனான். மேசை மீது இரண்டு விரற்கடைத் தடிமனில் ஒரு காகிதக் கட்டு இருந்தது. முழுவதும் ஆங்கிலம். கையெழுத்துப் போட வேண்டிய இடத்திலெல்லாம் பென்சிலால் பெருக்கல் குறி போட்டு வைத்திருந்தார்கள். அலுவலர் ஒவ்வொரு தாளின் கீழ் மூலையை மட்டும் விலக்கிக் காட்ட, இவன் போட்டுக்கொண்டே போனான். பத்தொன்பதாவது கையெழுத்தின்போது, அட்டவணை போல ஏதோ தெரிகிறதே என்று நான் அந்தத் தாளைக் கையால் அழுத்திப் பிடித்தேன். அதுதான் கடனின் முக்கிய விவரத் தாள். "இவன் மொத்தமாக எவ்வளவு கட்டி முடிக்க வேண்டியிருக்கும்?" என்று கேட்டேன். அலுவலர் கோபப்படவில்லை, மரியாதைக் குறைவாகவும் பேசவில்லை. "அதெல்லாம் கட்டக் கட்டத் தெரிஞ்சிடுங்க ஐயா" என்றார், அவ்வளவுதான்.

விதி என்ன என்பது என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். 2024 ஏப்ரல் 15 அன்று ரிசர்வ் வங்கி பிறப்பித்த சுற்றறிக்கை அந்த ஆண்டு அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. விவரத் தாள் கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும், அதிலுள்ளதை விளக்கிச் சொல்லி அவரிடம் ஒப்புகை பெற வேண்டும், அவர் யோசிக்கக் குறைந்தது மூன்று வேலை நாள் தர வேண்டும் என்பதெல்லாம் அதிலேயே இருக்கிறது. புதிய சலுகை எதையும் நான் கேட்கவில்லை. மொத்தக் கணக்கைத் தமிழில், ஒரே தாளில், கையெழுத்துக்கு முன்பாகக் கொடுங்கள் என்று மட்டுமே கேட்கிறேன்.

ஏன் இவ்வளவு அழுத்திக் கேட்கிறேன் என்பதற்கு என் சொந்தக் கதையைச் சொல்ல வேண்டும். 2021 ஜூலையில் நானும், தனியார் மருத்துவமனையில் செவிலியராக இருக்கும் என் மனைவியும் சேர்ந்து 20 லட்சம் ரூபாய் வாங்கினோம். வட்டி 7 சதவீதம், கெடு 20 ஆண்டு, மாதத் தவணை 15,506 ரூபாய். 240 தவணைக்கு 37 லட்சத்து 21 ஆயிரம் ஆகிறது என்று நானே பெருக்கிப் பார்த்து, மனத்தைத் தேற்றிக்கொண்டுதான் கையெழுத்துப் போட்டேன். வட்டி மாறக்கூடியது என்று ஒரு வரி இருந்தது. அதைப் படித்தும் அதன் கனம் எனக்கு உறைக்கவில்லை. அந்தப் பிழை என்னுடையதுதான்.

ரெப்போ விகிதம், அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி, 2022 மே மாதம் 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.50-ஐத் தொட்டது. என் கடன் வட்டியும் மூன்று மாதத்துக்கு ஒருமுறை படியேறி, அந்த ஏப்ரலில் 9.50 ஆனது. இதற்கிடையே தவணைத் தொகையில் ஒரு ரூபாய்கூட மாறவில்லை. மாதந்தோறும் அதே 15,506 ரூபாய் கணக்கிலிருந்து போய்க்கொண்டிருந்ததால், எங்களை எதுவும் தீண்டவில்லை என்றே நாங்கள் நினைத்திருந்தோம். வருமான வரிக்காக வட்டிச் சான்று வாங்கப் போன அன்றுதான், 2023 மே மாதத் தவணை எப்படிப் பிரிந்திருக்கிறது என்பதைப் பார்த்தேன். வட்டிக்கு 15,354 ரூபாய். அசலுக்கு 152 ரூபாய்.

அச்சுப் பிழை என்றுதான் முதலில் நினைத்தேன். அலுவலர் கணினித் திரையை எங்கள் பக்கம் திருப்பிக் காட்டினார். அதுவரை கட்டிய 21 தவணையில் 3,25,626 ரூபாய் கொடுத்திருக்கிறோம். அசலில் கழிந்தது 60,506 ரூபாய். மீதித் தவணை என்ற கட்டத்தில் 587 என்று இருந்தது. 587 மாதம் என்றால் ஏறக்குறைய 49 ஆண்டு. எனக்கு அப்போது வயது 42. கடன் முடியும்போது 91 ஆகும். அந்தத் தவணைகளைப் பெருக்கினால் 91 லட்சத்துச் சொச்சம் வருகிறது. வயதும் லட்சமும் ஒரே எண்ணில் வந்து நின்ற விசித்திரத்தை நான் மண்டியில் யாரிடமும் சொல்லவில்லை. என் மனைவி மட்டும் அந்தத் திரையையே பார்த்துக்கொண்டு, "அப்ப இது பேரனுக்கு எழுதி வைக்கிற கடனுங்களா?" என்று அலுவலரிடம் கேட்டாள். "நாங்க எதுவும் பண்ணலம்மா, சிஸ்டம் தானா கெடுவை நீட்டிடுச்சு" என்று பதில் வந்தது.

எங்களைக் கேட்டிருந்தால் என்ன செய்திருப்போம் என்பதையும் கணக்குப் போட்டேன். பழைய கெடுவிலேயே கடனை முடிக்க, தவணையை 18,675 ரூபாயாக உயர்த்தினால் போதும். மாதம் 3,169 ரூபாய் கூடுதல். மீதி 219 தவணைக்கு மொத்தம் 41 லட்சத்துக்கும் குறைவு. ஒரு பக்கம் 41 லட்சம், மறுபக்கம் 91 லட்சம். இந்த இரண்டில் எது வேண்டும் என்ற கேள்வியை எங்களிடம் கேட்க வேண்டியவர்கள் கேட்காமல், எங்கள் சார்பில் ஓர் இயந்திரம் பதில் சொல்லியிருந்தது. அடுத்த மாதமே தவணையை உயர்த்தச் சொல்லி எழுதிக் கொடுத்தோம். அந்த மூவாயிரத்துச் சொச்சத்துக்காக என் மனைவி மாதத்தில் ஆறு இரவுப் பணி கூடுதலாகப் பார்க்கத் தொடங்கினாள். வட்டி 2025-இல் இறங்கத் தொடங்கிய பிறகும் அதை நிறுத்தவில்லை. இனி எந்த மாதம் எது ஏறும் என்று அவளுக்கு நம்பிக்கை இல்லை.

தவணையை உயர்த்துவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று கடன் வாங்கியவரையே கேட்க வேண்டும், காலாண்டுக்கு ஒருமுறை கணக்கு விவரம் தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று உத்தரவிட்டது. எங்களுக்கு மூன்று மாதம் பிந்தி வந்த உத்தரவு, ஆனாலும் நன்றி. அதன்பின் எனக்கு வந்தது கைப்பேசியில் ஒரு குறுஞ்செய்தி. அதுவும் ஆங்கிலத்தில், பாதி வரிக்குமேல் சுருக்கெழுத்தாக.

லீ பஜாரில் வட்டி என்பது யாருக்கும் புதிதில்லை. அதிகாலையில் மூட்டை இறக்கும் தொழிலாளர்களில் பலர் தண்டல் வாங்குகிறார்கள். கையில் 8,500 ரூபாய் தந்து, நாளுக்கு 100 வீதம் நூறு நாள் வசூலிப்பார்கள். அது கொடிய வட்டி. அதைப் போன்றவற்றை ஒடுக்கத்தான் தமிழ்நாட்டில் 2003-ஆம் ஆண்டிலேயே கந்துவட்டித் தடைச் சட்டம் வந்தது. தண்டலுக்கு நான் வக்காலத்து வாங்கவில்லை. ஆனால் அந்தத் தண்டல்காரர் முதல் நாளே கையில் ஓர் அட்டையைக் கொடுக்கிறார். அதில் நூறு கட்டம். கட்டிய நாளுக்குக் கையெழுத்து, கட்டாத நாளுக்கு வெற்றிடம். எழுதப் படிக்கத் தெரியாதவரும் அட்டையைப் பார்த்து இன்னும் எத்தனை கட்டம் இருக்கிறது என்று விரல் விட்டு எண்ணிவிடலாம், கட்டம் இரவோடு இரவாகக் கூடவும் செய்யாது. குளிரூட்டிய அறையும் கணினியும் பட்டம் பெற்ற அலுவலர்களும் உள்ள உங்களால் ஏன் அப்படி ஓர் அட்டையைத் தர முடியவில்லை என்பது எனக்கு உண்மையிலேயே விளங்கவில்லை.

அக்கா மகனின் கணக்குக்கு வருகிறேன். 8 சதவீத வட்டியில் 30 ஆண்டுக் கெடுவைத்தான் அலுவலர் பரிந்துரைத்தார். "மாசம் மூவாயிரம் குறையுதுங்க" என்றார். குறைவது உண்மைதான். 20 ஆண்டு என்றால் தவணை 25,093, 30 ஆண்டு என்றால் 22,013. ஆனால் முதலாவதில் மொத்தம் 60 லட்சத்து 22 ஆயிரம், இரண்டாவதில் 79 லட்சத்து 25 ஆயிரம். மாதம் 3,080 ரூபாய் மிச்சத்துக்காக 19 லட்சம் கூடுதலாகக் கொடுக்கிறான் என்பதை யாரும் சொல்லவில்லை. 90,000 ரூபாய்க்கு ஒரு கடன் காப்பீட்டையும் கடனோடு சேர்க்கிறார்கள். அது சட்டப்படி கட்டாயமில்லை என்பதையும், கடனில் சேர்த்துவிட்டால் முப்பது ஆண்டில் அந்தத் தொண்ணூறாயிரம் 2 லட்சத்து 38 ஆயிரமாக முடியும் என்பதையும் நான்தான் காகிதத்தின் பின்பக்கத்தில் எழுதிக் காட்டினேன்.

விவரத் தாளிலும் ஒரு குறை இருக்கிறது. வட்டி கால் சதவீதம் மாறினால் தவணை எவ்வளவு மாறும் என்று அதில் ஓர் இடம் உண்டு. இவன் கடனுக்கு அது 525 ரூபாய். பார்ப்பவருக்கு, பெட்ரோல் விலை ஏறியது போலத்தான் தோன்றும். என் வட்டி ஏறியது இரண்டரை சதவீதம். அதே ஏற்றம் இவனுக்கு வந்தால் 30 லட்சத்துக்கு ஒரு மாத வட்டியே 26,250 ரூபாய். இவன் தவணையோ 22,013. அசல் குறைவது இருக்கட்டும், வட்டிக்கே போதாது. கால் சதவீதத்தோடு நிறுத்தாமல், நடந்து முடிந்த அந்த இரண்டரையையும் தாளில் எழுதிக் காட்டுங்கள்.

தமிழில் தருவதற்கு வசதியில்லை என்று மட்டும் தயவுசெய்து சொல்லாதீர்கள். தவணை கட்டத் தவறியவரின் வீட்டைக் கையகப்படுத்தும்போது, வட்டார மொழி நாளிதழ் ஒன்றிலும் அறிவிப்பு வெளியிட வேண்டும் என்று விதி இருப்பதால், சுவாதீன அறிவிப்பும் ஏல அறிவிப்பும் நல்ல தமிழில், நான்கு எல்லை விவரங்களோடு, எழுத்துப் பிழைகூட இல்லாமல் வருகின்றன. வீடு போகும்போது வருகிற தமிழ் வீடு வாங்கும்போது எங்கே போயிருந்தது? புதிய பேருந்து நிலையத்தைச் சுற்றி நீங்கள் கட்டும் வீட்டுக்கடன் திருவிழாப் பதாகைகளிலும் தமிழ் துள்ளி விளையாடுகிறது. "கனவு இல்லம்" என்று எழுதத் தெரிந்த கைக்கு "மொத்தம் 79 லட்சம்" என்று எழுதத் தெரியாதா? புதிதாக வருபவருக்கு ஒரு வட்டி, ஆண்டுக்கணக்காகத் தவறாமல் கட்டுபவருக்கு அதைவிடக் கூடுதலாக ஒரு வட்டி, அதைக் குறைக்கக் கேட்டால் அதற்கொரு கட்டணம் என்று இன்னும் எழுதலாம். கேட்க வந்ததை விட்டு எங்கோ போகிறேன், பொறுத்தருள வேண்டும்.

கேட்பது ஒன்றுதான். மனைக்கு முப்பதாண்டு வில்லங்கச் சான்று வேண்டும் என்கிறீர்கள், மூலப்பத்திரம், பட்டா, வரைபடம் என்று எதிலும் ஒரு நாள், ஓர் அடி பிசகக் கூடாது என்கிறீர்கள். எங்களிடம் கடந்துபோன முப்பது ஆண்டுக்குக் கணக்குக் கேட்கும் உரிமை உங்களுக்கு இருக்கிறது. வரப்போகும் முப்பது ஆண்டுக்கான கணக்கைத் தமிழில், ஒரே தாளில், கையெழுத்துக்கு முன்பாக எங்களுக்குத் தாருங்கள். மொத்தம் எவ்வளவு, அதில் வட்டி எவ்வளவு, கெடு குறைந்தால் எவ்வளவு, இரண்டரை சதவீதம் ஏறினால் எவ்வளவு என்பது அதில் இருக்கட்டும். வட்டி மாறும் ஒவ்வொரு முறையும் கெடுவைத் தொடுவதற்கு முன் எங்களைக் கேளுங்கள். மாவட்ட அளவில் நீங்கள் கூடும் வங்கியாளர் கூட்டத்தில் இதை ஒருமுறை எடுத்துப் பேசினால் மிகவும் கடமைப்பட்டிருப்பேன்.

அக்கா மகன் பத்தொன்பது கையெழுத்தோடு எழுந்து வந்துவிட்டான். இருபதாவது இடத்தில் பென்சில் குறி அப்படியே இருக்கிறது. வருகிற திங்கட்கிழமை காலை பத்தரை மணிக்கு இருவரும் மறுபடி அந்தக் கிளைக்கு வருகிறோம். அந்தத் தாளைத் தமிழில் தயாராக வைத்திருக்குமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். படித்துப் பார்க்க அரை மணி நேரம் ஆகும், அதற்கு ஒரு நாற்காலியும் வேண்டும்.

இப்படிக்கு,
மண்டிக் கணக்காளர் ஒருவர்,
லீ பஜார், சேலம்.