ஏவுகணைத் திட்டத்தில் ஒரு வழக்கறிஞரின் பங்கு

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நம் நாட்டின் ஏவுகணைத் திட்டம் வளர்ந்த வரலாறு குறித்துத் தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். விஞ்ஞானிகளின் உழைப்பைக் கட்டுரையாளர் விரிவாகவும் நேர்மையாகவும் எழுதியிருக்கிறார். ஆனால் 1982 ஜனவரி முதல் 1984 ஆகஸ்டு வரை பாதுகாப்பு அமைச்சராக இருந்த ஆர். வெங்கட்ராமனைப் பற்றி, அன்றைய அமைச்சர் ஒப்புதல் அளித்தார் என்ற ஒற்றை வரியோடு நிறுத்திக்கொண்டார். நாற்பது ஆண்டுகளுக்கு மேல் தொழிலாளர் தரப்பில் வாதாடிய எனக்கு அந்த ஒரு வரி போதவில்லை. விஞ்ஞானிகள் கொண்டுவந்ததைவிடப் பெரிய திட்டத்தை அவர்களைக் கொண்டே கேட்க வைத்தவர் ஆர்.வி. அப்படிக் கேட்க வைத்தது வழக்கறிஞர் தொழிலில் ஊறிய அறிவு என்பது என் உறுதியான எண்ணம்.

பட்டுக்கோட்டையை அடுத்த ராஜாமடத்தில் 1910-இல் பிறந்த அவர், 1935-இல் சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்கறிஞராகப் பதிவு செய்துகொண்டார். 1942 போராட்டத்தில் ஈடுபட்டு இரண்டு ஆண்டுகள் சிறையில் இருந்தார். உலகப் போர் முடிந்தபின், ஜப்பானியருக்கு உடந்தையாக இருந்ததாகக் குற்றம் சாட்டப்பட்ட இந்தியர்களுக்காக வாதாட 1946-இல் மலேயாவுக்கும் சிங்கப்பூருக்கும் அனுப்பப்பட்ட வழக்கறிஞர் குழுவில் அவரும் ஒருவர். கடையநல்லூரிலிருந்தும் தென்காசியிலிருந்தும் பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் பிழைக்கப் போனவர்களின் குடும்பங்கள் இன்றும் எங்கள் பக்கத்தில் உண்டு. அந்நாளில் கடல் கடந்து போய் வாதாட ஒருவர் இருந்தார் என்பதன் பொருள் அவர்களுக்கு நன்றாகவே விளங்கும். 1949-இல் தொழிலாளர் சட்டத் தீர்ப்புகளுக்கென்றே 'லேபர் லா ஜர்னல்' என்ற இதழைத் தொடங்கினார். 1955 முதல் ஐக்கிய நாடுகள் சபையின் நிர்வாகத் தீர்ப்பாயத்தில் உறுப்பினராகவும், 1968 முதல் 1979 வரை அதன் தலைவராகவும் இருந்தார். அச்சபையின் ஊழியர்கள் தங்கள் பணி தொடர்பான குறைகளை அந்நாளில் எடுத்துச் சென்ற இடம் அது. இடையில் காமராசர் அமைச்சரவையில் தொழில் துறையைக் கவனித்த காலத்தைப் பலரும் எழுதிவிட்டார்கள். கிண்டித் தொழிற்பேட்டையைச் சொன்னாலே போதும்.

அந்த இதழை நாங்கள் எல்.எல்.ஜே. என்றுதான் சொல்வோம். பாளையங்கோட்டையில் என் சீனியரின் அலுவலக மாடியில் ஒரு மர அலமாரி முழுவதும் காலிகோ அட்டை போட்ட எல்.எல்.ஜே. தொகுதிகள் இருந்தன, பக்க ஓரங்களில் அவர் பென்சிலால் இட்ட கோடுகளைப் பார்த்தே நான் தொழிலைக் கற்றேன். நான் ஜூனியராகச் சேர்ந்த புதிதில், அம்பாசமுத்திரம் பக்கத்திலிருந்து வந்த ஓர் ஆலைத் தொழிலாளிக்குக் கோரிக்கை மனு எழுதினேன். வேலையைத் திரும்பக் கொடுக்க வேண்டும் என்று மட்டும் கேட்டிருந்தேன். சீனியர் அதைப் படித்துவிட்டுத் தாளைத் திருப்பி என் பக்கமாகத் தள்ளினார். "பணித்தொடர்ச்சி எங்க, பின்சம்பளம் எங்க, மத்த பலன் எங்க? எல்லாத்தையும் ஒரே மனுவுல கேட்டுரணும்டே. நாளைக்குக் கேட்டுக்கிடலாம்னு விட்டா, நாளைக்குக் கேக்க ஆளு இருக்காது" என்றார். உரிமையியல் வழக்குகளுக்கு இதையே நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 2, விதி 2 சொல்கிறது: ஒரே வழக்கு மூலத்திலிருந்து எழும் கோரிக்கை முழுவதையும் ஒரே பிராதில் கேட்டுவிட வேண்டும், விட்டுவிட்ட பகுதிக்குப் பின்னர் தனி வழக்குப் போட இயலாது. பிராது எழுதிப் பழகிய எவருக்கும் இந்த விதி கையோடு ஒட்டியே இருக்கும்.

இனி பாதுகாப்பு அமைச்சகம் இருந்த தில்லி சவுத் பிளாக்கில் நடந்ததைப் பார்ப்போம். ஐதராபாத் ஏவுகணை ஆய்வுக்கூடத்தின் பொறுப்பை 1982-இல் ஏற்ற அப்துல் கலாம், அதைத் தம் தன்வரலாற்றில் எழுதியிருக்கிறார். அறிவியல் ஆலோசகர் வி.எஸ். அருணாசலமும் கலாமும் ஏவுகணைகளைக் கட்டங்கட்டமாக உருவாக்கும் ஒரு திட்டத்தை முப்படைத் தளபதிகளும் இருந்த கூட்டத்தில் முன்வைத்தனர். எல்லா ஏவுகணைகளையும் ஒருங்கிணைந்த ஒரே திட்டமாக ஏன் தொடங்கக் கூடாது என்று அமைச்சர் கேட்டார். கேட்டவர்களுக்குத் தங்கள் காதுகளையே நம்ப முடியவில்லை. மறுநாள் காலையில் வருமாறு சொல்லி அனுப்பினார். இரவெல்லாம் அமர்ந்து வரைவை மாற்றி எழுதினார்கள். 1983-இல் 388 கோடி ரூபாய் மதிப்பில் அது அரசின் ஒப்புதலைப் பெற்றது. பிருத்வி, திரிசூல், ஆகாஷ், நாக், பின்னர் அக்னியாக வளர்ந்த சோதனை ஏவுகணை என ஐந்தும் ஒரே குடையின்கீழ் வந்தன.

அந்தச் சமயத்தில் ராமேசுவரத்தில் கலாமின் குடும்பத்துப் பெண் ஒருவருக்குத் திருமணம். அன்று மாலையே அது நடக்க இருப்பதை அறிந்த அமைச்சர், சென்னையில் விமானத்திலிருந்து இறங்கியவரை மதுரைக்கு அழைத்துச் செல்ல விமானப்படை ஹெலிகாப்டரை ஏற்பாடு செய்தார். மதுரையில் புறப்படத் தயாராக இருந்த ரயிலில் ஏறிக் கலாம் நேரத்தோடு போய்ச் சேர்ந்தார். வேலை செய்பவனின் வீட்டு விசேஷமும் நிர்வாகத்தின் கவனத்துக்கு உரியதே என்று வாழ்நாளெல்லாம் வாதாடிய ஒருவர், நிர்வாகத்தின் நாற்காலியில் அமர்ந்தபோதும் அதை மறக்கவில்லை. இந்த நிகழ்ச்சியைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மனம் நெகிழ்கிறது.

ஒரே திட்டமாகக் கேட்டதன் பயன் நான்கே ஆண்டுகளில் தெரிந்தது. 1987-இல் ஏழு வளர்ந்த நாடுகள் கூடி ஏவுகணைத் தொழில்நுட்பத்தைப் பிறருக்குத் தருவதில்லை என்று கட்டுப்பாடு கொண்டுவந்தன. கட்டங்கட்டமாகப் போயிருந்தால் பிற்கட்டத்து ஏவுகணைகள் காகிதத்திலேயே அந்தத் தடையைச் சந்தித்திருக்கும். ஐந்துக்கும் வேலை தொடங்கிவிட்டிருந்ததால், 1988 பிப்ரவரியில் பிருத்வியும் 1989 மே மாதத்தில் அக்னியும் விண்ணில் சென்றன. அப்போது ஆர்.வி. குடியரசுத் தலைவர். ஐந்தும் ஒரே அளவில் வெற்றி பெறவில்லை, திரிசூல் பின்னர் கைவிடப்பட்டது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

இன்னொன்றும் உண்டு. 1983-இல் பொக்ரானில் அணுச் சோதனைக்கான ஏற்பாடுகள் முடிந்திருந்தன என்றும், வெளிநாட்டு நெருக்கடியால் அது நின்றது என்றும் 1998-இல் அவரே வெளியிட்டார். சோதனைக்காகத் தோண்டிய குழிக்குள் தாமே இறங்கிப் பார்த்ததாகவும் கூறினார். குழிக்குள் இறங்கியபோது அவருக்கு வயது எழுபதைத் தாண்டியிருந்தது. நீதிமன்றம் இடத்தைப் பார்த்துவர அனுப்பும் அட்வகேட் கமிஷனராகப் போய் வரப்பில் நின்று அளந்து பார்த்தவர்களுக்கு, கோப்பில் எழுதியிருப்பதும் இடத்தில் இருப்பதும் வேறு வேறாக இருக்கக்கூடும் என்பது தெரியும்.

அவர் பதவிக்காலத்தில் எல்லாமே பெருமைக்குரியவை என்று நான் வாதாட வரவில்லை. 1984 ஜூனில் அமிர்தசரஸ் பொற்கோயிலுக்குள் ராணுவம் நுழைந்தபோதும் பாதுகாப்பு அமைச்சர் அவரே. அந்த முடிவில் பிரதமரின் பங்கு எவ்வளவு, அமைச்சரின் பங்கு எவ்வளவு என்று ஆராய்வது வரலாற்றாசிரியர்களின் வேலை. அவரைப் பற்றி எழுதுவோர் அந்த அத்தியாயத்தைத் தாண்டிப் போய்விடக் கூடாது.

நெல்லைச் சீமையில் பாதுகாப்புத் துறை என்றவுடன் விஜயநாராயணம் கடற்படைத் தளத்தின் உயர்ந்த கோபுரங்கள் நினைவுக்கு வரும். கடலுக்கடியில் இருக்கும் நீர்மூழ்கிக் கப்பல்களுக்குச் செய்தி அனுப்பும் அத்தளம் 1990-இல், ஆர்.வி. குடியரசுத் தலைவராக இருந்தபோது, இயங்கத் தொடங்கியது. திருநெல்வேலி அரசு சட்டக் கல்லூரியில் படிக்கும் பிள்ளைகள் சிலர் அவ்வப்போது என்னைப் பார்க்க வருவார்கள். அந்தக் கோபுரங்களுக்கும் தங்கள் படிப்புக்கும் தொடர்பே கிடையாது என்றுதான் அவர்கள் நினைக்கிறார்கள். 1906-இல் ஒரு வக்கீல் கப்பல் கம்பெனி தொடங்கிய சீமையில் அவர்கள் அப்படி நினைப்பது எனக்கு வருத்தம் தருகிறது.

ஆகவே, ஆர்.வி. பாதுகாப்பு அமைச்சராக இருந்த இரண்டரை ஆண்டுகளைப் பற்றி, அவரோடு அத்துறையில் பணியாற்றியவர்களுள் இன்று நம்மிடையே இருப்பவர்களை நேரில் கண்டு, தாங்கள் ஒரு தனிக் கட்டுரை வெளியிட வேண்டும் எனக் கேட்டுக்கொள்கிறேன். என் சீனியர் எனக்கு விட்டுச்சென்ற தொடக்க கால எல்.எல்.ஜே. தொகுதிகள் பென்சில் கோடுகளோடு அப்படியே உள்ளன. கட்டுரை எழுதுவோர் பார்க்க விரும்பினால் எடுத்துத் தருகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற வழக்கறிஞர் ஒருவர்,
பாளையங்கோட்டை.