'முண்டியடித்தனர்' என்று எழுதுவதற்கு முன்

ஆசிரியருக்கு வணக்கம்.

கோயில் விழா, அரசியல் கூட்டம், நிவாரணம் வழங்கும் இடம் என எங்கே நெரிசலில் உயிர் போனாலும் நம் நாளிதழ்களில் சில சொற்கள் அச்சு மாறாமல் வந்துவிடுகின்றன: 'முண்டியடித்தனர்', 'கட்டுக்கடங்காத கூட்டம்', 'பீதியில் சிதறி ஓடினர்', 'மிதிபட்டுச் சாவு'. எழுதும் நிருபருக்கு யார் மீதும் பழி போடும் எண்ணம் இருக்காது. ஆனாலும் பழி செத்தவர்கள் தலையில் போய் விழுகிறது. கூட்டத்தைப் பற்றிச் சமூக உளவியல் கண்டறிந்திருப்பது ஏறக்குறைய இதற்கு நேர்மாறானது. அதனால்தான் இந்தக் கடிதம்.

கூட்டத்தில் கலந்ததும் மனிதன் அறிவிழந்துவிடுகிறான் என்ற கருத்தைப் பரப்பியவர் பிரெஞ்சுக்காரரான குஸ்தாவ் லெ பான். ஆண்டு 1895. இன்றும் நம் பேச்சில் 'ஆட்டுமந்தை' என்று வருவது அதே கருத்துதான். 1980-இல் இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரில் செயின்ட் பால்ஸ் பகுதியில் நடந்த கலவரத்தைச் சமூக உளவியலாளர் ஸ்டீபன் ரெய்ச்சர் ஆராய்ந்தபோது இந்தக் கருத்து பொருந்தவில்லை. தாக்குதல் பெரும்பாலும் போலீசாரைக் குறிவைத்திருந்தது, அந்தப் பகுதியின் எல்லையையும் தாண்டவில்லை. கலவரத்துக்கே ஒரு வரம்பு இருந்தது. 2005 ஜூலை 7 அன்று லண்டன் சுரங்க ரயில்களில் குண்டு வெடித்தபோது உயிர் தப்பியவர்களிடம் அதே துறையைச் சேர்ந்த ஜான் டிரூரியும் அவருடைய குழுவினரும் பேசினார்கள். இருட்டிலும் புகையிலும் முன்பின் தெரியாதவர்கள் ஒருவரையொருவர் கைப்பிடித்து நடத்திச் சென்றிருக்கிறார்கள். அடுத்தவரைத் தள்ளிவிட்டு ஓடியவர்கள் மிகச் சிலரே. 'நாம் எல்லோரும் ஒரே ஆபத்தில் இருக்கிறோம்' என்ற உணர்வு வந்ததும் அந்நியர் கூட்டம் 'நாம்' ஆகிவிடுகிறது.

அப்படியானால் நெரிசலில் ஏன் சாகிறார்கள்? இடமும் தகவலும் இல்லாததால் சாகிறார்கள். பலர் கீழே விழுவதுகூட இல்லை. நின்றபடியே மூச்சடைத்துப் போகிறார்கள். நாலா பக்கமும் உடல்கள் அழுத்தும்போது நெஞ்சுக்கூடு விரிய முடியாது, உள்ளிழுக்கக் காற்று இருந்தும் இழுக்க முடியாது.

இரண்டடிக்கு இரண்டடித் தரை டைல்ஸ் மூன்று சேர்ந்தால் ஏறத்தாழ ஒரு சதுர மீட்டர். அதில் இரண்டு பேர் நின்றால் தாராளமாக நகரலாம். நான்கு பேர் என்றால் தோள் உரசும். ஐந்தைத் தாண்டினால் எச்சரிக்கை மணி அடிக்க வேண்டும். ஆறு, ஏழு பேர் ஆகும்போது, அதாவது டைலுக்கு இரண்டு பேருக்கு மேல் நிற்கும்போது, கூட்டம் தண்ணீர் போல நடந்துகொள்கிறது. கழன்ற செருப்பைக் குனிந்து எடுக்க முடியாது. கீழே தொங்கிய கையை மேலே தூக்க முடியாது. எங்கோ ஒருவர் தடுமாறினால் அந்த அசைவு அலையாகப் பல மீட்டர் ஓடுகிறது. அந்த அலையைத் 'தள்ளியவர்' என்று யாரையும் சுட்ட முடியாது.

பின்னால் நிற்பவருக்கு இவை எதுவும் தெரியாது என்பதுதான் விஷயத்தின் மையம். முன்னால் இருப்பவரின் முதுகு மட்டுமே அவருக்குத் தெரிகிறது. அரை அடி இடைவெளி விழுந்தால் வரிசை நகர்கிறது என்று நினைத்து ஓர் எட்டு வைக்கிறார். நியாயமான எட்டுதான். ஆயிரம் பேர் அப்படி ஓர் எட்டு வைத்தால் முன்வரிசை நசுங்குகிறது. 2005 டிசம்பர் 18 அன்று சென்னை எம்.ஜி.ஆர். நகரில் வெள்ள நிவாரண டோக்கனுக்காக விடியுமுன்பே திரண்டவர்களில் 42 பேர் இறந்தார்கள். மூடிய கதவு, முந்தியவருக்கே முதலில் என்ற ஏற்பாடு, 'இன்றுதான் கடைசி' என்று பரவும் ஒரு வரி: இந்த மூன்றும் சேர்ந்தால் எந்த ஊரிலும் எவரும் விரைவார்கள். அதற்குப் பேராசை என்று பெயரிடுவது கொடுமை.

பத்திரிகைக்கு இதில் என்ன பங்கு என்பதற்கு ஹில்ஸ்பரோ ஒரு பாடம். 1989 ஏப்ரல் 15, இங்கிலாந்தின் ஷெஃபீல்ட் நகரில் உள்ள கால்பந்து மைதானம் அது. வெளியே நெரிசல் கூடியதால் போலீசார் பெரிய வாசல் ஒன்றைத் திறந்துவிட்டார்கள். உள்ளே வந்தவர்களுக்கு எதிரே தெரிந்த சுரங்கப்பாதை, ரசிகர்கள் நிற்பதற்காக வேலியிட்டிருந்த, ஏற்கெனவே நிரம்பி வழிந்த நடுக் கூண்டுகளுக்கு இட்டுச் சென்றது. அந்தப் பாதையை யாரும் மூடவில்லை. 97 பேர் இறந்தார்கள். நான்கே நாளில் ஒரு நாளிதழ் ரசிகர்களைக் குடிகாரர்களாகவும் திருடர்களாகவும் சித்திரித்து முதல் பக்கத்தில் எழுதியது. ரசிகர்கள் மீது தவறில்லை என்று நீதிமன்ற ஜூரி சொல்ல 2016 ஆயிற்று. பிள்ளைகளைப் பறிகொடுத்த குடும்பங்கள் 27 ஆண்டுகள் அந்தப் பழியோடு வாழ்ந்தன.

2022 அக்டோபர் 29 அன்று சியோலின் இதேவான் பகுதியில் 159 பேரைப் பலிகொண்ட சந்து, மிகக் குறுகிய இடத்தில் 3.2 மீட்டர் அகலமே. நெரிசல் உச்சத்துக்குப் போனது இரவு பத்து மணிக்கு மேல். போலீசாருக்கு முதல் அழைப்பு போனதோ மாலை 6:34-க்கு! கூட்டத்துக்குள் இருந்தவர்களுக்குப் புத்தி இருந்தது, கேட்பவர்கள்தான் இல்லை.

ஆனால் எல்லாக் கூட்டமும் இப்படி முன்கூட்டியே குரல் கொடுக்காது. 2014-இல் வெளியான, மெக்காவில் ஹஜ் யாத்ரீகர்களிடம் நடத்திய ஆய்வில் ஹானி அல்நபுல்சியும் டிரூரியும் கண்டது இது: சக யாத்ரீகர்களோடு ஒன்றிப்போனவர்கள், நெருக்கம் கூடியபோதும் தங்களைப் பாதுகாப்பாகவே உணர்ந்தார்கள். பக்தர் கூட்டமும் ரசிகர் கூட்டமும் கடைசிவரை உற்சாகமாகவே இருக்கலாம். 'யாரும் புகார் சொல்லவில்லையே' என்று காத்திருக்கும் அதிகாரி ஏமாந்துபோவார். தலைகளைத்தான் எண்ண வேண்டும், முகங்களைப் பார்க்கக் கூடாது.

செய்யக்கூடியவை கடினமானவை அல்ல. சமதளத்தில் ஒரு மீட்டர் அகல வழியில் நிமிடத்துக்கு 82 பேர் என்பது பிரிட்டிஷ் மைதானங்களுக்கான வழிகாட்டிக் கணக்கு. மூன்று மீட்டர் வாசலில் 10,000 பேர் வெளியேற ஏறத்தாழ 40 நிமிடம் ஆகும். பத்து நிமிடத்தில் கலைத்துவிடலாம் என்று திட்டமிட்டால் மீதிப் பேர் வாசலில் குவிவார்கள். முன்கதவை மூடுவதற்கு முன் பின்னால் வரவை நிறுத்த வேண்டும். பெரும்பாலும் தலைகீழாகத்தான் நடக்கிறது. தடியை ஓங்கினால் முன்வரிசை பின்வாங்கும், அதுவே ஓர் அலை. ஒலிபெருக்கி மேடையில் இருந்து பயனில்லை, கடைசி வரிசைக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும். 'அமைதி காக்கவும்' என்பதில் தகவலே இல்லை. 'முன்வாசல் மூடியிருக்கிறது. கடைசியில் நிற்பவர்கள் தேரடிப் பக்கமாகத் திரும்பி நடங்கள். தரிசனம் இரவு ஒன்பது வரை உண்டு' என்றால் கால்கள் திரும்பும். உண்மையைச் சொன்னால் பீதி கிளம்பும் என்று பயந்து மறைப்பதுதான் பெரிய ஆபத்து.

உள்ளே மாட்டிக்கொண்டவர்கள் இரு கைகளையும் மடக்கி நெஞ்சுக்கு முன்னால் வைத்து மூச்சுக்கு இடம் பிடிக்க வேண்டும். அலை வரும்போது எதிர்த்துத் தள்ளாமல், அது ஓய்ந்த இடைவெளியில் பக்கவாட்டில் நகர வேண்டும்.

தங்கள் நாளிதழிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த முறை நிருபர் போகும்போது வாசல் எத்தனை மீட்டர், பின்னால் ஒலிபெருக்கி இருந்ததா, முதல் எச்சரிக்கை எத்தனை மணிக்கு யாருக்குப் போனது என்ற மூன்றையும் கேட்டு எழுதச் சொல்லுங்கள். கும்பகோணத்தில் 1992 மகாமகத்தில் நாற்பதுக்கும் மேற்பட்டவர்களை இழந்தோம். அடுத்த மகாமகம் 2028-இல். குளத்துக்குப் போகும் ஒவ்வொரு தெருவின் அகலத்தையும், வரும் வழி எது, போகும் வழி எது என்பதையும் வரைபடமாக அதற்கு முன்பே வெளியிட்டால் பெரிய உதவியாக இருக்கும்.

இப்படிக்கு,
சமூக உளவியல் ஆசிரியர்,
திருச்சி