டொலேடோவை அவசரமா பாக்காதீங்க

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்,

ஸ்பெயின்ல மாட்ரிட்லேர்ந்து டொலேடோவுக்கு கைடோட ஒரு நாள் டூர் போனேன், போகப்போறவங்களுக்கு உதவும்னு எழுதுறேன். 70 கிலோமீட்டர் சொச்சம்தான், மூணு பக்கமும் தாஹோ ஆறு சுத்தி ஓட பாறை மேட்டுல நிக்குற ஊரு, 1986-லயே யுனெஸ்கோ பட்டியல்ல சேத்துட்டாங்க. எங்க டூர்க்காரங்க ஒரு வாள் கடையில முக்கால் மணி நேரம் உக்கார வச்சுட்டாங்க, 1226-ல கட்ட ஆரம்பிச்ச கதீட்ரலுக்கோ இருபதே நிமிஷம், வயிறு எரிஞ்சுது. ஆனா ஒண்ணு, சாண்டோ தோமே சர்ச்சுல எல் கிரெகோ வரைஞ்ச ஓர்காஸ் பிரபு அடக்கம் ஓவியத்துல, கீழ ஓரமா தீப்பந்தம் பிடிச்சு நிக்குற சின்னப் பையன் எல் கிரெகோவோட மகன்தான், பாக்கெட்டுல இருக்குற கைக்குட்டையில அவன் பொறந்த 1578-ங்கற வருஷத்த எழுதியிருக்காருன்னு கைடு சொல்லலைன்னா நான் கண்டிப்பா கவனிச்சிருக்கவே மாட்டேன். அதனால கைடு வேணும், கடை வேண்டாம். சாந்தா மரியா லா பிளாங்கா, யூதர் கோயிலா இருந்து சர்ச்சா மாறுனது, வெள்ளை வெளேர்னு லாட வடிவ வளைவுங்க, அத விட்டுறாதீங்க. புக் பண்றதுக்கு முன்னாடி எந்த இடத்துல எவ்வளவு நேரம்னு கேட்டு எழுத்துல வாங்கிக்கோங்க, கல்லு பாவுன ஏத்தம் எறக்கம் ஜாஸ்தி, நல்ல ஷூ போட்டுக்கோங்க.

இப்படிக்கு,
உங்கள் வாசகி