அம்மாவுக்கு முக்காலி கொடுத்தவருக்கு

அன்புள்ள எல்லோருக்கும்,

அம்மா நலமாக இருக்கிறார். காய்ச்சல் இல்லை, ரத்த அழுத்தம் சரியாக இருக்கிறது, நேற்று ராத்திரி இரண்டு தோசை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். இன்னமும் ஃபோன் வந்துகொண்டே இருப்பதால் முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன். சனிக்கிழமை ஆமைக் குஞ்சு பார்க்கப் போன பயணத்தில், கோலத் திரெங்கானுவின் பசார் பாயாங் சந்தையில், மறதி உள்ள அம்மா கூட்டத்தில் காணாமல் போனது உங்களுக்குத் தெரியும். அம்மாவின் படத்தை ஊரெல்லாம் அனுப்பியதே நீங்கள்தான். அதை மறுபடி விவரிக்க எனக்குத் தெம்பு இல்லை. ஆனால் நன்றி சொல்வதைத் தள்ளிப்போடவும் மனம் கேட்கவில்லை.

பெயர் சொல்லாமல் மொத்தமாகச் சொல்கிறேன், யாரும் வருத்தப்படக் கூடாது. பயணத்தை ஏற்பாடு செய்த முன்னாள் மாணவர் நண்பர்கள், சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரிக்காமலே ஆளுக்கொரு திசையாக ஓடினீர்கள். வேன் ஓட்டி வந்த அண்ணன் ஆற்றங்கரையோரமாகத் தனியாகவே நடந்து படகுத்துறை வரை தேடிவிட்டு வந்தார். பத்தேக் துணிக் கடைக்காரப் பெண்கள் வியாபாரத்தைப் போட்டுவிட்டு மாடிப்படி ஒவ்வொன்றிலும் ஆள் நிறுத்தினார்கள். காலையில் எங்களுக்கு ஆமைக் குஞ்சுகளைக் காட்டிய மாணவர்கள் இரண்டு பேர், செய்தி கேட்டதும் ரந்தாவ் அபாங் கடற்கரைப் பக்கத்திலிருந்து ஒரு மணி நேரத் தூரம் மோட்டார் சைக்கிளில் வந்து சேர்ந்தார்கள். புகாரை அந்த நிமிடமே எழுதிக்கொண்ட போலீஸ்காரருக்கும் நன்றி. ஆள் காணாமல் போனால் 24 மணி நேரம் கழித்துத்தான் புகார் கொடுக்க முடியும் என்று நம்மில் பலர் இன்னும் நினைத்துக்கொண்டிருக்கிறோம். அப்படி எந்த விதியும் இல்லை. உடனே போகலாம், உடனே போக வேண்டும்.

இனி அம்மாவைப் பார்த்துக்கொண்ட அந்த மாக்சிக்கைப் பற்றி எழுத வேண்டும். வயதான மலாய்ப் பெண்ணை அங்கே அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

காய்கறிப் பக்கத்தின் ஓரத்தில் அவர் உலாம், அதாவது பச்சையாகவே சாப்பிடும் கீரை வகைகள், விற்கிறார். பெகாகா என்று அங்கே சொல்லும் நம்முடைய வல்லாரை, உலாம் ராஜா, சிறகவரை, பெத்தாய்க் காய், ஓரமாக நாலைந்து பாட்டில் புடு என்ற மீன் சாறு. அவ்வளவுதான் கடை. அம்மா எப்படி அத்தனை கூட்டத்தைத் தாண்டி அங்கே போனார் என்று யாருக்கும் தெரியாது. மாக்சிக் நிமிர்ந்து பார்த்தபோது ஒரு வயதான இந்தியப் பெண்மணி வாடிப்போன வல்லாரைக் கட்டு ஒன்றை எடுத்துப் பிரித்துக்கொண்டிருந்தாராம். பழுத்த இலைகளைக் கிள்ளி ஒதுக்கிவிட்டு, வேர்ப்பக்கத்தை உள்ளங்கையில் தட்டிச் சமமாக்கி, மறுபடியும் கட்டப் பார்த்தாராம். ரப்பர் வளையம் கையில் இல்லை. அதற்காகச் சுற்றுமுற்றும் தேடியிருக்கிறார்.

வேறு யாராக இருந்தாலும் "என்ன செய்கிறீர்கள்?" என்று கேட்டிருப்பார்கள். மாக்சிக் தான் உட்கார்ந்திருந்த பிளாஸ்டிக் முக்காலியை எடுத்து அம்மாவுக்குப் போட்டார். ரப்பர் வளையங்கள் இருந்த டப்பாவை அம்மா மடியில் வைத்தார். தான் ஒரு மீன் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்துகொண்டார்.

அம்மா கிள்ளானில் கீரை விற்றவர் என்பது அவருக்கு எப்படித் தெரியும்? யாரும் சொல்லவில்லை. கையைப் பார்த்தால் தெரியாதா என்று என்னிடம் கேட்டார். விடியற்காலை நாலு மணிக்கு எழுந்து கீரை கட்டியே எங்கள் மூன்று பேரையும் படிக்க வைத்த கை அது. மறதி வந்த பிறகு அம்மாவின் கைக்கு நாங்கள் எந்த வேலையும் கொடுக்கவில்லை. வெங்காயம் உரிக்க வந்தால்கூட "நீ உட்காரும்மா" என்போம்.

மாக்சிக் பக்கத்துக் கடைப் பையனிடம் சொல்லி, யாராவது தேடி வருகிறார்களா என்று பார்க்கச் சொல்லியிருக்கிறார். அந்தத் தகவல் ஒரு வாசலுக்குப் போன நேரத்தில் நாங்கள் இன்னொரு வாசலில் நின்றிருந்தோம். அம்மாவைக் கூட்டிக்கொண்டு போய் எங்காவது ஒப்படைத்திருக்கலாமே என்று அப்புறம் யாரோ கேட்டதற்கு அவர் சொன்ன பதில்: சீருடை போட்டவர்களைப் பார்த்தால் பயந்துவிடுவார், வேலை செய்யும்போது அமைதியாக இருந்தார், அதனால் இங்கேயே இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

வாடிக்கையாளர்கள் வந்து விலை கேட்டிருக்கிறார்கள். அம்மா நிமிர்ந்து, "லீமா போலோ சென்" என்றிருக்கிறார். ஐம்பது காசு! கிள்ளான் பசாரில் நான் சின்னப் பெண்ணாக இருந்தபோது அம்மா சொன்ன விலை அது. இன்றைக்கு அந்த விலைக்கு எங்கே கீரை கிடைக்கும்? ஆனால் மாக்சிக் திருத்தவில்லை. வந்தவர்களிடம், அந்த அம்மா சொல்வதுதான் விலை என்று சொல்லி, ஐம்பது காசுக்கே கொடுத்திருக்கிறார். நாங்கள் போய்ச் சேரும்வரை அந்தக் கடையில் வல்லாரை விலை ஐம்பது காசுதான். பக்கத்துக் கடைக்காரப் பெண்தான் இதை எங்களிடம் சொன்னார். மாக்சிக் தன் வாயால் சொல்லவே இல்லை.

நாங்கள் ஓடி வந்து கட்டிப்பிடித்து அழுத கதையை விட்டுவிடுகிறேன். அம்மா என்னைப் பார்த்து, "இந்தக் கூடை முடியட்டும் ஆத்தா, உட்காரு" என்றார். நான் அவரைத் தூக்கி நிறுத்தப் போனேன். மாக்சிக் என் கையைப் பிடித்துக்கொண்டார். முடிக்கட்டும் என்றார். அவ்வளவு பேரும் நின்றோம். போலீஸ்காரரும் நின்றார். கூடையில் இருந்த கடைசி வல்லாரைக் கட்டையும் அம்மா கட்டி, தண்ணீர் தெளித்து, அடுக்கி வைத்து, முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். பல வருடமாக அம்மாவை அப்படி நான் பார்க்கவில்லை.

காசு கொடுக்கப் போனேன், வாங்க மறுத்துவிட்டார். அதோடு தன் பணப்பையிலிருந்து பத்து வெள்ளி (ரிங்கிட்) தாளை எடுத்து அம்மாவின் உள்ளங்கையில் வைத்து மூடினார். கூலியாம். அம்மா கொஞ்சமும் தயங்காமல் வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டார். இன்றுவரை அதை எங்கள் யாரையும் தொடவிடவில்லை.

அம்மா கட்டி முடிக்கக் காத்திருந்த நேரத்தில் நாங்கள் எங்கிருந்து வருகிறோம் என்று மாக்சிக் கேட்டார். கிள்ளானிலிருந்து வந்து டுங்குனில் தங்கினோம், விடியலில் ஆமைக் குஞ்சுகளைக் கடலில் விடுவதைப் பார்த்துவிட்டு வருகிறோம் என்றேன். அவர் தலையாட்டிவிட்டு, அம்மா உட்கார்ந்திருந்த இடத்தைக் காட்டினார். முன்பு அங்கேதான் ஆமை முட்டைக் கூடை இருக்குமாம். அவருடைய அம்மா விற்றார், அப்புறம் இவர் விற்றார். பசார் பாயாங்கில் ஆமை முட்டை வெளிப்படையாக விற்றது உங்களில் பலருக்கு நினைவிருக்கும். திரெங்கானு அரசு 1951-ஆம் ஆண்டு ஆமைச் சட்டத்தைத் திருத்தி, 2022 ஜூன் 1 முதல் எந்த ஆமையின் முட்டையையும் விற்கக் கூடாது என்று நிறுத்தியது. மறுநாள் முதல் உலாம் விற்கத் தொடங்கினேன், முதல் வருடம் கஷ்டமாக இருந்தது என்றார். அவர் குரலில் புகாரும் இல்லை, பெருமையும் இல்லை.

இதை நான் விட்டுவிட்டுப் போக முடியாது. ஆமைப் பாதுகாப்பு என்றால் நமக்கு ஆராய்ச்சியாளர்கள் நினைவுக்கு வருவார்கள், தன்னார்வ மாணவர்கள் நினைவுக்கு வருவார்கள். அவர்கள் செய்வது பெரிய வேலைதான். ரெடாங் தீவின் சாகார் ஹுத்தாங் கடற்கரையில் 1993 முதல் இரவு முழுக்க விழித்திருந்து கூடுகளைக் காத்து வருகிறார்கள். ஆனால் ஒரு சட்டம் வந்த அன்று கூடை காலியான பெண்களுக்கு யாராவது நன்றி சொன்னார்களா? ரந்தாவ் அபாங்கில் 1950களில் வருடத்துக்குப் பத்தாயிரத்துக்கும் மேல் கூடு வைத்த பெனியு பெலிம்பிங், கெட்டி ஓட்டுக்குப் பதிலாகத் தோல் போர்த்திய அந்தப் பெரிய ஆமை, இன்று ஒன்றுகூடக் கரை ஏறாமல் வருடங்கள் போகின்றன. முட்டைகளைத் தலைமுறை தலைமுறையாக அள்ளியதும், கடலில் வலையில் சிக்கிச் செத்ததும் சேர்ந்து செய்த வேலை அது. பச்சை ஆமைக்கும் அந்தக் கதி வரக் கூடாது என்றால் சந்தையில் யாரோ ஒருவர் தன் வருமானத்தை விட வேண்டியிருந்தது. அந்த யாரோ ஒருவரில் இந்த மாக்சிக்கும் இருக்கிறார். முன்பெல்லாம் உரிமம் பெற்று முட்டை சேகரிப்பவர்களிடம் காசு கொடுத்து வாங்கித்தான் பொரிப்பகங்கள் முட்டையைப் புதைக்க வேண்டியிருந்ததாம். இப்போது சட்டப்படி சந்தை என்ற போட்டி இல்லை.

பொரிப்பகத்தில் அன்று காலை நடந்ததையும் சொல்கிறேன், ஏனென்றால் பயணத்தின் அந்தப் பாதி இந்தக் களேபரத்தில் எல்லோருக்கும் மறந்துபோய்விட்டது. மணலில் வட்டவட்டமாகக் கம்பி வலை, ஒவ்வொன்றிலும் புதைத்த தேதியும் முட்டைக் கணக்கும் எழுதிய அட்டை. மேலே நிழல் வலை கட்டியிருந்தார்கள். மணல் சூடு கூடினால் பொரிப்பதெல்லாம் பெண் குஞ்சாகிவிடும், அதனால் வெயிலைக் கட்டுப்படுத்துகிறோம் என்று ஒரு மாணவி விளக்கினார். கயிற்றுக்குப் பின்னால் நிற்க வேண்டும், ஃபிளாஷ் போடக் கூடாது. குஞ்சுகளைக் கூடையிலிருந்து மணலில் இறக்கினார்கள். கையில் அடங்குகிற கருத்த உடம்பு, துடுப்பு போட்ட தடம் மணலில் சீப்பு வைத்துக் கீறினது மாதிரி இருந்தது. ஒன்று காலடித் தடக் குழியில் விழுந்து மல்லாந்துவிட்டது. எங்கள் கூட்டத்துப் பையன் எடுத்துவிடப் பாய்ந்தான். "விடுடா, அதுவே போகும்" என்று அம்மா அவன் சட்டையைப் பிடித்து இழுத்தார். அந்த மாணவிக்குத் தமிழ் தெரியாது, ஆனால் அவரும் கையைக் காட்டி அதையேதான் சொன்னார். குஞ்சு தானே புரண்டு, ஏறி, அலைக்குள் போனது. பெண் குஞ்சு தப்பிப் பிழைத்தால் இருபது, முப்பது வருடம் கழித்து முட்டையிட இந்தப் பக்கத்துக் கரைக்கே திரும்பி வரும் என்றார் அந்த மாணவி.

இனிமேல் அம்மாவை எங்கேயும் வெளியே கூட்டிக்கொண்டு போகாதே என்று நிறைய பேர் எழுதியிருக்கிறீர்கள். அன்பினால்தான் சொல்கிறீர்கள், தெரியும். ஆனால் அதை மட்டும் என்னால் கேட்க முடியாது. பெயரும் தொலைபேசி எண்ணும் பொறித்த வளையல் ஒன்று செய்யக் கொடுத்திருக்கிறேன், அம்மாவின் கையில் அது எப்போதும் இருக்கும். பக்கத்தில் ஒருவர் கை பிடித்தபடி இருப்போம். ஆனால் வீட்டில் உட்கார வைத்துக் கதவைச் சாத்த மாட்டேன். ஞாயிற்றுக்கிழமை கிள்ளான் பசாரில் நாலு கட்டு வல்லாரை வாங்கி வந்து, பிரித்துப் போட்டு, ரப்பர் வளையங்களோடு அம்மா முன்னால் வைத்தேன். அன்று சாயங்காலம் முழுக்க என்னை ஆத்தா என்றுதான் கூப்பிட்டார். வேறு யார் பெயரும் வரவில்லை.

ஆமை சீசன் முடிவதற்குள் வருடம் ஒரு தடவையாவது அந்தப் பக்கம் போவது என்று வீட்டில் முடிவு செய்திருக்கிறோம். பொரிப்பகத்துக்கு எங்களால் முடிந்த தொகை போகும். பசார் பாயாங்கில் உலாம், கெரோபோக் என்ற மீன் அப்பளம், துணி எல்லாம் விலை பேசாமல் வாங்குவோம். என் அண்ணன் மகள் சாகார் ஹுத்தாங்கில் தன்னார்வலராகச் சேர விண்ணப்பிக்கப் போகிறாள்.

சிலர் மாக்சிக்கின் படத்தைப் போடச் சொல்கிறீர்கள். அவர் விரும்பவில்லை, அதனால் போடவில்லை. உங்களிடம் இருந்தாலும் தயவுசெய்து பகிராதீர்கள். காலையில் கடற்கரையில் அம்மாவைப் படம் எடுத்தவர்கள் மட்டும் எனக்கு அனுப்பிவையுங்கள். அப்புறம் ஒன்று: மழைக்காலம் தொடங்குவதற்குள் கோலத் திரெங்கானு பக்கம் போகிறவர் யாராவது இருந்தால் சொல்லுங்கள். அம்மாவும் நானும் சேர்ந்து சுட்ட முறுக்கு ஒரு பெரிய டப்பா நிறைய இருக்கிறது, கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். கடை எங்கே இருக்கிறது என்று நான் வழி சொல்கிறேன்.