கையெழுத்து வாங்கிய பிறகு என்ன ஆனது?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அக்டோபர் 2 அன்று வெளியான தலையங்கத்தைப் படித்தேன். கோயில் திருவிழாத் தகராறு ஒன்றை வட்டாட்சியர் அலுவலகத்தில் பேசி முடித்ததைப் பாராட்டி, காந்தியடிகளின் வழி இன்னும் உயிரோடு இருக்கிறது என்று எழுதியிருந்தீர்கள். வெட்டுக்குத்து இல்லாமல் ஒரு திருவிழா முடிந்தால் அது சின்ன விஷயமில்லை. நானும் வருவாய்த் துறையில் இருந்து துணை வட்டாட்சியராக ஓய்வு பெற்றவள்தான். ஊர் இரண்டுபட்டுக் கிடக்கும்போது ராத்திரி முழுக்க ஜீப்பில் உட்கார்ந்து விடிய வைத்திருக்கிறேன். ஆனால் அந்தப் பேச்சுவார்த்தையில் என்னதான் முடிவானது என்று தலையங்கத்தில் ஒரு வரிகூட இல்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

இளநிலை உதவியாளராக இருந்தபோது, கையெழுத்து நன்றாக இருக்கும் என்று அமைதிப் பேச்சுவார்த்தைக்கு நடவடிக்கைக் குறிப்பு எழுத என்னைத்தான் கூப்பிடுவார்கள். நடுவில் வட்டாட்சியர், பக்கத்தில் இன்ஸ்பெக்டர், சுவரோரமாக வருவாய் ஆய்வாளரும் கிராம நிர்வாக அலுவலரும். எதிரே ‘ஏ’ பார்ட்டி, ‘பி’ பார்ட்டி. காகிதத்தில் இரண்டும் சமம். அறைக்குள் அப்படி இருக்காது. இங்கே நின்றுகொண்டிருப்பவர் மறுநாள் காலையில், அங்கே நாற்காலியில் உட்கார்ந்திருப்பவரின் வயலுக்குத்தான் வேலைக்குப் போக வேண்டும். மகள் கல்யாணத்துக்கு வாங்கிய கடனும் அவரிடம்தான் நிற்கும். ‘உணர்ச்சிவசப்படாதீங்க’ என்ற அறிவுரை எப்போதும் நிற்பவருக்குத்தான் கிடைக்கும்.

ஓர் ஊரில் மயானப் பாதைத் தகராறு. காலனியிலிருந்து சுடுகாட்டுக்குப் போகிற வண்டிப்பாதை கிராம வரைபடத்தில் இருந்தது, நேரில் போய்ப் பார்த்தால் இல்லை. உழுது வயலோடு சேர்த்துவிட்டார்கள். சாவு விழுந்தால் பாடையை ஓடைக்குள் இறக்கித்தான் தூக்கிப் போக வேண்டும். ஒரு மழைக்காலத்தில் ஓடையில் தண்ணீர் போனதால், ஒரு பெரியவரின் உடலை ஊர்த்தெரு வழியாக எடுத்துப் போகப் பார்த்தார்கள். கல் விழுந்தது. பேச்சுவார்த்தை கூட்டினோம். என்னை எழுதச் சொன்ன வாசகம் இது: ‘இரு தரப்பினரும் அமைதி காப்பதாகவும், மாமூல் வழக்கப்படியே நடந்துகொள்வதாகவும் ஒப்புக்கொண்டனர்.’ கையெழுத்துப் போடத் தெரிந்தவர்கள் கையெழுத்து, மற்றவர்கள் கைநாட்டு. டீ வந்தது. மறுநாள் பேப்பரில் ‘சுமுக முடிவு’ என்று செய்தியும் வந்தது. மாமூல் வழக்கம் என்றால் இதுவரை நடந்தபடி, அதாவது ஓடை.

சர்வேயரை அனுப்பிப் பாதையை அளந்து கல் நட வேண்டும் என்று ஒரு வரி சேர்க்கலாமா என்று கேட்டேன். “அதையெல்லாம் எழுதினா பிரச்சினை திரும்பக் கிளம்பும்மா” என்றார் மேலதிகாரி. அவர் கெட்டவர் இல்லை. மேலிடத்திலிருந்து அவருக்கு வருகிற கேள்வி ஒன்றுதான்: நிலைமை கட்டுக்குள் இருக்கிறதா? பாதை இருக்கிறதா என்று யாரும் கேட்டதில்லை.

அந்த ஊரில் அதற்குப் பிறகு யாரும் யாரையும் அடிக்கவில்லை. அப்படியென்றால் அங்கே வன்முறை இல்லை என்று சொல்லிவிடலாமா? நார்வே அறிஞர் யோஹான் கால்டுங் 1969-ல் எழுதிய ஒரு கட்டுரையில் இதைத்தான் அலசினார். அடிக்கிறவர் இன்னார் என்று யாரையும் கைகாட்ட முடியாவிட்டாலும், ஊர் நடக்கிற விதமே சிலரைக் கீழே வைத்திருந்தால் அதுவும் வன்முறைதான் என்றார். கட்டமைப்பு வன்முறை என்று அதை இப்போது பாடப் புத்தகங்களில் படிக்கிறார்கள். ஓய்வுக்குப் பிறகு நூலகத்தில் அதைப் பற்றிப் படித்தபோது எனக்கு அந்த ஓடைதான் ஞாபகம் வந்தது.

அமெரிக்கக் கறுப்பின உரிமைத் தலைவர் மார்ட்டின் லூதர் கிங்கை நாம் காந்தியின் சீடர் என்று கொண்டாடுகிறோம். 1959-ல் இந்தியாவுக்கும் வந்துபோனார். அவர் 1963-ல் பர்மிங்காம் சிறையிலிருந்து எழுதிய கடிதம், தம்மைத் தாக்கியவர்களுக்கு எழுதியது இல்லை. ‘கொஞ்சம் பொறுங்கள், போராட இது நேரமில்லை’ என்று அறிவுரை சொன்ன எட்டு மதகுருமார்களுக்கு எழுதினார். நீதியைவிட ஒழுங்கை விரும்பும் வெள்ளை மிதவாதிதான் முகமூடி போட்ட இனவெறியனைவிடப் பெரிய தடை என்ற முடிவுக்குக் கிட்டத்தட்ட வந்துவிட்டதாக அதில் சொல்கிறார். பேச மறுப்பவர்களைப் பேச வைப்பதற்காகவே நெருக்கடியை உண்டாக்குகிறோம் என்றும் ஒளிக்காமல் சொல்கிறார். நம் அலுவலகங்களில் நடப்பது தலைகீழ். நெருக்கடி போனால் போதும் என்றுதான் பேச்சுவார்த்தையே கூட்டுகிறோம்.

பேசித் தீர்ப்பது தப்பு என்று நான் சொல்ல வரவில்லை. பேசி எதை விட்டுக்கொடுத்தோம், எதை வைத்துக்கொண்டோம் என்பது எழுத்தில் இருக்க வேண்டும் என்கிறேன். இன்றைய கேரளத்தில் உள்ள வைக்கத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1924 மார்ச் 30 அன்று புலையர் ஒருவர், ஈழவர் ஒருவர், நாயர் ஒருவர் என மூன்று பேர் தடுப்புப் பலகையை நோக்கி நடந்து கைதானார்கள். கேட்டது கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் எல்லாச் சாதியினரும் நடக்கும் உரிமை, அவ்வளவுதான். தலைவர்கள் சிறைக்குப் போனதும் ஈரோட்டிலிருந்து பெரியார் போனார், இரண்டு முறை சிறையில் இருந்தார். அவர் மனைவி நாகம்மையாரும் களத்தில் நின்றார். தடுப்பைத் தாண்டிப் போக வேண்டியதுதானே என்பது கேரளச் சீர்திருத்தவாதி நாராயண குருவின் எண்ணம். அது சத்தியாகிரகம் ஆகாது என்றார் காந்தி. இரண்டு பெரியவர்கள், இரண்டு விதமான அகிம்சை! அந்த வருஷ வெள்ளத்தில் தொண்டர்கள் தண்ணீருக்குள் நின்றபடி போராடினார்கள். தெருக்களைத் திறந்துவிடக் கோரிய தீர்மானம் 1925 பிப்ரவரியில் திருவிதாங்கூர் சட்ட சபையில் ஒரே ஓட்டில் தோற்றது. மார்ச்சில் காந்தியே நேரில் வந்தார்; பிறகு போலீஸ் கமிஷனர் பிட்டுடன் உடன்பாடு ஏற்பட்டு, நவம்பரில் போராட்டம் முடிவுக்கு வந்தது. மூன்று பக்கத்துத் தெருக்கள் திறந்தன. கிழக்குத் தெரு திறக்கவில்லை.

அதைத் தோல்வி என்று சொல்ல மாட்டேன். எது கிடைத்தது, எது பாக்கி என்று போராடியவர்களுக்கும் ஊருக்கும் தெளிவாகத் தெரிந்திருந்தது. பாக்கி இருந்ததால்தான் பேச்சு ஓயவில்லை. 1936-ல் ஆலயப் பிரவேசப் பிரகடனம் வந்தபோது கோயிலே திறந்தது.

மகாராஷ்டிரத்தின் மகாத்தில் அம்பேத்கர் நடந்துகொண்ட விதம் எனக்கு இன்னும் பிடிக்கும். 1927 மார்ச்சில், தீண்டத்தகாதவர்கள் என்று ஒதுக்கப்பட்டவர்களுக்கு மறுக்கப்பட்டிருந்த சவுதார் குளத்தில் இறங்கித் தண்ணீர் குடித்ததும் அவருடைய ஆட்கள் அடிவாங்கினார்கள். திருப்பி அடிக்க வேண்டாம் என்று தடுத்தார். டிசம்பரில் மறுபடி கூடியபோது நீதிமன்றத் தடை வந்திருந்தது. கலெக்டரே வந்து பேசினார். அம்பேத்கர் அன்றைக்குக் குளத்தில் இறங்காமல் நிறுத்திக்கொண்டார். நம் அலுவலகமாக இருந்தால் அத்தோடு கோப்பை மூடியிருப்போம். அவர் கோரிக்கையைக் கைவிடாமல் வழக்கை நடத்தினார். 1937-ல் பம்பாய் உயர் நீதிமன்றம் குளம் எல்லோருக்கும் பொது என்று தீர்ப்பளித்தது. நிறுத்தி வைப்பது வேறு, விட்டுவிடுவது வேறு. நம் நடவடிக்கைக் குறிப்புகளில் இந்த இரண்டுக்கும் வித்தியாசமே இருக்காது.

இத்தனைக்கும் சட்டம் ரொம்பத் தெளிவு. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2015-ல் வந்த திருத்தம் மயானம், பொதுப்பாதை, நீர்நிலை எல்லாவற்றையும் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது, தடுத்தால் குற்றம். அதே சட்டத்தின் 4-வது பிரிவில், கடமையை வேண்டுமென்றே செய்யாத அரசு ஊழியருக்குத் தண்டனையும் இருக்கிறது. எங்கள் காலத்தில் பயிற்சி வகுப்பில் இந்தப் பிரிவை வேகமாகத் தாண்டிவிடுவார்கள்! உரிமை சட்டத்தில் இருக்கும்போது ‘இரு தரப்பு’ என்று உட்கார வைப்பதே எனக்கு உறுத்தல். திருடியவரையும் திருட்டுக் கொடுத்தவரையும் எதிரெதிரே உட்கார வைத்து, இனிமேல் சண்டை போடாதீர்கள் என்று எழுதி வாங்குகிற மாதிரி.

2023-ல் விழுப்புரம் மாவட்டம் மேல்பாதியில் நடந்தது நினைவிருக்கும். திரௌபதி அம்மன் கோயிலுக்குள் பட்டியலின மக்கள் போவதில் தகராறு, பல சுற்றுப் பேச்சு, கடைசியில் ஜூன் மாதம் கோயிலுக்கே சீல். அமைதி வந்துவிட்டது, அம்மன் பூட்டுக்குள் போனாள். நீதிமன்றம் தலையிட்டு 2025 ஏப்ரலில்தான் அவர்கள் உள்ளே போய்க் கும்பிட முடிந்தது. அன்று பூட்டிய அதிகாரியின் நெருக்கடி எனக்குப் புரிகிறது. கலவரத்தில் நாலு வீடு எரிந்தால் யார் வீடு எரியும் என்பதும் எனக்குத் தெரியும். அதனால் தடை உத்தரவு போடுவதையோ போலீஸ் நிறுத்துவதையோ நான் குறை சொல்லவில்லை. அது முதல் நாள் வேலை. இரண்டாம் நாள் வேலை நடக்கிறதா என்பதுதான் என் கேள்வி.

குறிப்பில் உரிமை இன்னது என்று முதலில் எழுதட்டும். இப்போதைக்கு எது நிறுத்தி வைக்கப்படுகிறது, எந்தத் தேதி வரை, அதற்குள் எந்த அதிகாரி என்ன செய்வார் என்று எழுதி, அந்த அதிகாரியும் கையெழுத்துப் போடட்டும். ‘மாமூல் வழக்கம்’ என்ற வாசகத்தை எழுதவே கூடாது என்று ஒரு சுற்றறிக்கை வந்தால் பாதிப் பிரச்சினை தீரும். உங்கள் நிருபர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: பேச்சுவார்த்தை நடந்த அன்று போடுகிற செய்தியோடு விட்டுவிடாமல், ஆறு மாதம் கழித்து அதே ஊருக்கு ஒரு தடவை போய்ப் பார்த்து எழுதுங்கள்.

அப்புறம், இந்தக் கூட்டங்களுக்குப் பெண்களைக் கூப்பிடுவதே இல்லை. ஒருமுறை குடிநீர்க் குழாய்த் தகராறில் ஒரு அம்மா, யாரும் கூப்பிடாமலே குடத்தோடு உள்ளே வந்துவிட்டார். ‘அமைதி காப்பதாக’ என்று நான் எழுதிக்கொண்டிருந்ததைப் பக்கத்தில் இருந்தவர் படித்துக் காட்டினார். “அது இருக்கட்டும். எந்தக் குழாயில, எத்தனை மணிக்கு, யார் தொறந்து விடணும், அதை எழுதும்மா” என்றார். வட்டாட்சியர் சிரித்துவிட்டு எழுதச் சொன்னார். அந்தக் குழாய்த் தகராறு நான் இருந்தவரை மறுபடி அலுவலகத்துக்கு வரவில்லை.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற துணை வட்டாட்சியர்,
மதுரை மாவட்டம்.