உப்பளப் படத்தில் வேலையைக் காணோம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

தொழிலாளர்களைப் பற்றிய ஆவணப்படங்கள் குறித்து உங்கள் இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். இந்தப் படங்கள் கஷ்டத்தைக் காட்டுகின்றன, வேலையில் உள்ள திறமையைக் காட்டுவதில்லை என்ற விஷயம் அதில் விட்டுப்போயிருக்கிறது, அதற்காகத்தான் எழுதுகிறேன்.

என் அம்மா தூத்துக்குடி உப்பளத்தில் முப்பது வருடத்துக்கு மேல் வேலை பார்த்தவர். ஒரு தடவை படம் எடுக்க ஆட்கள் வந்தார்கள். மரியாதையான பிள்ளைகள்தான், இரண்டு நாள் இருந்தார்கள். கால் வெடிப்பை எடுத்தார்கள், வெயிலில் கண் கூசுவதை எடுத்தார்கள், உப்புச் சுமையோடு அம்மாவை நாலு முறை நடக்கச் சொல்லி எடுத்தார்கள். படத்தில் அம்மா ஒரு நிமிடம் வருகிறார், பின்னால் சோகமாகப் புல்லாங்குழல். பார்த்துவிட்டு அம்மா கேட்டது இதுதான்: "நான் பாக்குற வேலை இதுல எங்கய்யா இருக்கு?"

மழை முடிந்து தை மாதம் சேற்றை வழித்துவிட்டுப் பாத்தியை வெறுங்காலால் மிதிக்க வேண்டும், நாள்கணக்கில், தரை இறுகும்வரை. இறுகாவிட்டால் உப்போடு மண் வந்துவிடும். அப்புறம் ஆழ்துளைக் கிணற்றிலிருந்து எடுக்கும் உப்புத் தண்ணீரைப் பாத்தி பாத்தியாக மாற்றிக் காயவிடுவார்கள். தண்ணீரில் உப்பு எவ்வளவு செறிந்திருக்கிறது என்பதைப் போமே என்ற அளவில் சொல்வார்கள். கடல்நீரே அதில் சுமார் 3 டிகிரிதான், பாத்தித் தண்ணீர் 25-ஐத் தொடும்போதுதான் உப்பு இறங்கும், 30-ஐத் தாண்ட விட்டால் கசப்பு ஏறும். அளக்கக் கருவி இருக்கிறது. ஆனால் அம்மா தண்ணீரின் நிறத்தையும் மேலே ஆடை போலப் படிவதையும் பார்த்தே சொல்லிவிடுவார். உப்பை வாருவதும் அப்படித்தான், பலகையை அழுத்தினால் சேறு கலங்கும், லேசாக இழுத்தால் உப்பு தங்கிவிடும், நடுவில் ஒரு பதம் இருக்கிறது, அது கைக்கு வர அம்மாவுக்கே இரண்டு மூன்று வருடம் ஆயிற்றாம். இதில் ஒன்றுகூடப் படத்தில் இல்லை.

கண் மங்குவதும் காலில் புண் வருவதும் உண்மை, அதை மறைக்கச் சொல்லவில்லை. ஆனால் கஷ்டத்தை மட்டும் காட்டினால் பார்ப்பவர் பாவம் என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார், இத்தனை கைப்பக்குவம் உள்ளவருக்கு ஏன் இவ்வளவு குறைந்த கூலி என்று கேட்கமாட்டார்.

இயக்குநர் ஃபரிதா பாச்சா 2013-இல் குஜராத்தின் கட்ச் பாலைவனத்து உப்புத் தொழிலாளர்களைப் பற்றி எடுத்த படத்தைப் பாருங்கள். ஒரு குடும்பத்தோடு ஒரு பருவம் முழுக்க அந்தப் படம் போகிறது, வேலை எப்படி நடக்கிறது என்பதுதான் கதையே.

இங்கேயும் அப்படி ஒருவர் வந்து தங்க வேண்டும். முக்கியமாக ஐப்பசி, கார்த்திகையில் வர வேண்டும். மழையில் அளம் மூடிக் கிடக்கும், கூலி கிடையாது, அரசு தரும் 5,000 ரூபாய் நிவாரணமும் கடனும்தான். அந்த மாதங்களில் எந்தக் கேமராவும் எங்கள் பக்கம் வந்து நான் பார்த்ததில்லை. உட்கார்ந்து பேச எல்லாருக்கும் நேரம் இருப்பதும் அப்போதுதான்.

– உப்பளத் தொழிலாளியின் மகன்,
முத்தையாபுரம், தூத்துக்குடி.